மேல் தணல்

துக்கம் விழுந்த வீட்டில் ஒரு வருடத்துக்குப் பலகாரம் சுடக் கூடாது. நல்லநாள் வந்தால் அக்கம்பக்கத்தார் தட்டில் போட்டு, துணியால் மூடிக் கொண்டுவந்து கொடுப்பார்கள். எங்கள் ஊரில் வேதக்காரர்களான எங்களுக்கும் மற்றவர்களுக்கும் இதே வழக்கம்தான். எங்கள் வீட்டில் யாரும் சாகவில்லை. அதனால் நான் கேக் போடப் போகிறேன் என்று கிறிஸ்மஸுக்கு முதல் நாள் காலையில் மாமனாரிடம் சொன்னேன்.

மாமனார் ஆரோக்கியமுத்து வராந்தாவில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். கொஞ்ச காலமாக அவருக்கு அதுதான் வேலை. கேட்டைப் பார்த்து உட்கார்ந்திருப்பது, சாப்பிடக் கூப்பிட்டால் எழுந்து வருவது, மறுபடியும் போய் உட்காருவது.

"இந்த வருசம் வேண்டாம் ஆத்தா," என்றார்.

"ஏன் மாமா, யாரு செத்தா?"

கேட்ட பிறகு எனக்கே நாக்கைக் கடித்துக்கொள்ளத் தோன்றியது. ஆனாலும் வாயை விட்டு வந்ததைத் திரும்ப அள்ளிப் போட்டுக்கொள்ளும் பழக்கம் எனக்கு இல்லை. அரிவாள்மனையை எடுத்துப் போட்டு முந்திரியை உடைக்க உட்கார்ந்துவிட்டேன்.

என் வீட்டுக்காரர் ஜெரோம் ஓமனில் ஒரு கட்டிடக் கம்பெனியில் வேலை பார்த்தார். தினமும் ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகு போன் வரும். நவம்பரில் கல்லறைத் திருநாள் முடிந்த வாரத்தில் அது நின்றது. அறையில் கூட இருந்த ஆட்களைக் கேட்டால், வேறொரு சைட்டுக்கு வேனில் ஏற்றிப்போனார்கள், வேனும் திரும்பவில்லை, போனவர்களும் திரும்பவில்லை என்றார்கள். கம்பெனியில் ஆங்கிலம் பேசினார்கள். திருச்சி ஏஜெண்டோ, விசாத் தகராறில் ஜெயிலில் இருப்பார்கள், தானாக வெளியே வருவார்கள் என்றான். ஜெயில் என்று கேட்டுச் சந்தோஷப்பட்ட பெண்டாட்டி இந்த ஜில்லாவில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

ஆனால் ஊர் வேறு மாதிரி முடிவு செய்துவிட்டது. நான் கடைக்குப் போனால் பெண்கள் குரலைத் தாழ்த்தினார்கள். மாத்தூர் பக்கம் நான் பேக்கிங் வேலை பார்க்கும் கம்பெனியில் சூப்பர்வைசர் என்னைத் திட்டுவதை நிறுத்திவிட்டான். எல்லாவற்றையும் பொறுத்துக்கொண்டேன். போன வாரம் கேரல் பாட வந்த பையன்கள் எங்கள் வீட்டுக்கு முன்னால் கிட்டாரை நிறுத்திவிட்டு, தலையைக் குனிந்துகொண்டு தாண்டிப் போனார்களே, அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. துக்க வீட்டைத்தான் அப்படித் தாண்டுவார்கள். வாசலில் ஸ்டார் தொங்குவது கூடவா கண்ணுக்குத் தெரியவில்லை? அன்றைக்கே முடிவு செய்தேன். ரவை கேக் போட வேண்டும், அதுவும் தெருவுக்குத் தெரிய முன்வாசலில் அடுப்பு வைத்துப் போட வேண்டும். புகையைப் பார்க்கட்டும், வாசத்தை மோந்து பார்க்கட்டும். இந்த வீட்டில் ஒருவரும் சாகவில்லை என்று தெரிந்துகொள்ளட்டும்.

குக்கரில் கேஸ்கட்டைக் கழற்றிவிட்டுப் போட்டாலும் ரவை கேக் வரும். வெந்துவிடும், ஆனால் மேலே சிவக்காது. எங்கள் வீட்டு முறை வேறு. பெரிய அலுமினியக் குண்டானில் மணலைக் கொட்டிச் சூடாக்கி, மணலுக்கு மேல் கேக் தட்டை வைத்து, இரும்புத் தட்டால் மூடி, அந்த மூடி மேல் கொட்டாங்குச்சித் தணலைப் பரப்ப வேண்டும். கீழே சிறு தீ, மேலே தணல். மேல் தணல் கூடினால் கேக் கருகும், குறைந்தால் நடுவில் ஈரமாக நின்றுவிடும். ஓர் ஆள் பக்கத்திலேயே குந்தியிருந்து இடுக்கியால் தணலைத் தள்ளித் தள்ளி விட வேண்டும்.

அந்த ஆள் ஜெரோம்தான். லீவில் வரும் கிறிஸ்மஸுக்கெல்லாம் சாயங்காலம் முழுக்க அடுப்பை விட்டு நகர மாட்டார். "நீ கலக்கி வச்சிருக்கிறது உப்புமாடி. என் தணலுதான் அதைக் கேக்காக்குது," என்பார். நான் சட்டுவத்தை ஓங்குவேன். தணலை நான் தனியாகப் பார்த்துக்கொள்வது இதுதான் முதல் தடவை.

முந்தின ராத்திரியே ரவையை நெய்யில் பிசறிப் பாலில் ஊற வைத்திருந்தேன். மத்தியானம் முட்டையை நுரை பொங்க அடித்து, பொடித்த சர்க்கரையைச் சேர்த்து, ஏலக்காய், கிராம்பு, பட்டை, கொஞ்சம் ஜாதிக்காய் எல்லாம் தட்டிப் போட்டுக் கலக்கினேன். கை வலித்ததே தவிர மாவு நன்றாக வந்தது. வெயில் சாயத் தொடங்கியதும் முன்வாசலில் மூன்று கல்லை வைத்து அடுப்பு மூட்டினேன். மாமா நாற்காலியில் இருந்தபடியே பார்த்துக்கொண்டிருந்தார்.

குண்டான் சூடேறி, தட்டை உள்ளே வைத்து, மூடியின் மேல் தணலைப் பரப்பினேன். வழக்கமாகக் கொஞ்ச நேரத்திலேயே கிராம்பும் ஏலக்காயும் ரோடு வரைக்கும் மணக்கும். அன்றைக்கு மணக்கவில்லை. மூடிக்குக் கிட்டே மூக்கை வைத்தேன், சாம்பல் வாடைதான் வந்தது. புகையும் சரியில்லை. கேட்டு வரைக்கும் போய், அங்கே எதிலோ முட்டிக்கொண்டது போல வீட்டுப் பக்கமே திரும்பி வந்தது. காற்று மாறியிருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்போதுதான் ராஜலட்சுமி அக்கா கேட்டைத் திறந்துகொண்டு வந்தார். மெயின் ரோட்டில் பஸ் ஸ்டாப்பை ஒட்டி மளிகைக் கடை வைத்திருப்பவர். கையில் எவர்சில்வர் தட்டு, மேலே வெள்ளைத் துண்டு. நடையே மெதுவாக இருந்தது. வராந்தாவில் மாமாவைப் பார்த்ததும் அப்படியே நின்றுவிட்டார்.

"நல்லா இருக்கீங்களா?" என்று கேட்டார். கேட்ட விதம் விசாரிப்பாக இல்லை, சந்தேகமாக இருந்தது.

மாமா தலையாட்டினார். அக்கா வேகமாக என்னிடம் வந்து குனிந்தார்.

"யாரு பிரின்சி தவறிப்போனது? நான் ஒன் மாமனாருன்னுல்ல நெனச்சுக்கிட்டு வந்தேன்."

எனக்குச் சுருக்கென்றது. "எங்க வீட்ல யாரும் தவறலக்கா. யாரு சொன்னா ஒங்களுக்கு?"

"ஜெரோம் தம்பிதான்."

இடுக்கி என் கையிலிருந்து நழுவியது.

"கடையில குனிஞ்சு சக்கரை கட்டிக்கிட்டு இருந்தேன். நிமிந்தா எதுத்தாப்புல நிக்கிறாரு. எப்பத் தம்பி வந்தீங்கன்னு கேக்குறதுக்குள்ள, 'எங்க வீட்ல இந்த வருசம் பலகாரம் சுடலக்கா, பிரின்சிக்கு ஏதாச்சும் கொண்டுபோய்க் குடுங்க'ன்னாரு. அம்புட்டுத்தான் பேசுனாரு. சரி, பெரியவருதான் போயிட்டாரு, அதுக்குத்தான் தம்பி வந்திருக்குன்னு நெனச்சுக்கிட்டேன்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. வந்துவிட்டார். பஸ் ஸ்டாப் வரைக்கும் வந்துவிட்டார். சொல்லாமல் வந்து நின்று என்னை அலற வைப்பது அவருக்குக் கைவந்த கலை. முன்பு ஒரு தடவை அப்படித்தான் வந்து சமையலறை ஜன்னலுக்கு வெளியே நின்று பிச்சை கேட்டார். இதுவும் அப்படி ஏதோ விளையாட்டு.

"பெட்டியெல்லாம் இருந்துச்சாக்கா?"

"கையில ஒண்ணும் இல்ல." அக்கா அடுப்பையே பார்த்தார். "பலகாரம் சுடலன்னாரு. நீ இங்க அடுப்பு மூட்டி வச்சிருக்கியே."

"கொஞ்சம் இருங்க. இந்தா வெந்துரும். தட்டுல ஒரு துண்டு வச்சுத் தாரேன்."

பலகாரம் வந்த தட்டை வெறுந்தட்டாகத் திருப்பிக் கொடுக்க மாட்டோம். துக்க வீட்டிலிருந்துதான் தட்டு வெறுமனே போகும். அது அக்காவுக்கும் தெரியும். "இருக்கட்டும், அப்பறம் வாங்கிக்கிறேன்," என்று முறுக்குத் தட்டை வராந்தாப் படியில் வைத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போய்விட்டார்.

போனை எடுத்து ஜெரோம் நம்பரை அழுத்தினேன். சுவிட்ச் ஆஃப். ஆகட்டும், இங்கத்திய சிம் போட்டிருக்க மாட்டார்.

"மாமா, ஒங்க மகன் வந்துட்டாரு," என்றேன்.

மாமா முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. "வந்தவன் நேரா வீட்டுக்கு வராம, கடையில போயி எதுக்கு ஆத்தா அப்படிச் சொல்லுறான்?"

எனக்குக் கோபம் தலைக்கேறியது. நானே எனக்குள் கேட்டு அமுக்கி வைத்திருந்த கேள்வியை அவர் எடுத்து வெளியே போட்டுவிட்டார். உள்ளே போய் நைட்டியை மாற்றிவிட்டு, போன வருடம் ஜெரோம் எடுத்துத் தந்த புடவையைக் கட்டினேன். தலை சீவினேன். கையெல்லாம் கரியாக இருந்ததால் பொட்டுக்குப் பக்கத்தில் கரி ஒட்டிக்கொண்டது. அதைத் துடைத்துவிட்டு ஓடிவந்து தணலைத் தள்ளினேன். பஸ் ஸ்டாப்பிலிருந்து எங்கள் வீட்டுக்கு ஒரு பாட்டுப் பாடி முடிக்கும் தூரம்தான். கேட்டைப் பார்ப்பதும் தணலைப் பார்ப்பதுமாக இருந்தேன். கேட்டில் யாரும் வரவில்லை. கேக் இன்னும் மணக்கவில்லை.

அடுத்து வந்தது மரியசெல்வம் அண்ணன். எங்கள் ஊர்க் கோயில்பிள்ளை, சர்ச்சு வேலையெல்லாம் பார்ப்பவர். கிறிஸ்மஸ் குடில் ஜோடிக்கிற வேலையிலிருந்து அப்படியே எழுந்து வந்திருந்தார், சட்டையெல்லாம் வைக்கோல் தூசி. அவர் கையிலும் மூடிய தட்டு இருந்தது. படியில் ஏற்கெனவே இருந்த தட்டைப் பார்த்தார், மாமாவைப் பார்த்தார், பிறகு என் புடவையைப் பார்த்தார்.

"ஜெரோமு வந்தானா தங்கச்சி?"

"இன்னும் வரலண்ணே. நீங்க பாத்தீங்களா?"

"கல்லறைத் தோட்டத்துச் செவரு ஓரமா நின்னான். நான்தான் கூப்புட்டேன், குடிலைப் பாக்க வாடான்னேன். உள்ள வரல. எங்க வீட்ல இந்த வருசம் பலகாரம் இல்லண்ணே, பிரின்சிக்கு ஏதாச்சும் குடுத்துவிடச் சொல்லுங்கன்னான். யாருடா தவறிட்டதுன்னு கேட்டேன். சிரிச்சுக்கிட்டே போயிட்டான்."

"நல்லா இருந்தாரா?"

அண்ணன் சட்டையிலிருந்த தூசியைத் தட்டினார். "கால்ல செருப்பு இல்ல. முட்டி வரைக்கும் மணலு. நம்ம ஊரு செம்மண்ணு இல்ல தங்கச்சி. வெள்ளை மணலு."

அடுப்புக்கு முன்னால்தான் நின்றேன், நெற்றி வேர்த்திருந்தது, ஆனால் உள்ளே குளிர்ந்தது. இருந்தாலும் விடவில்லை. மத்தியானம் இறங்குகிற பிளைட்டு உண்டு, ஏர்போர்ட்டிலிருந்து யாராவது லாரியில் ஏற்றிவிட்டிருப்பார்கள், மணல் லாரியாக இருக்கும் என்று மரியசெல்வம் அண்ணனிடம் அடித்துப் பேசினேன். அவர் எல்லாவற்றுக்கும் தலையாட்டினார். பைத்தியம் பிடித்தவளிடம் தலையாட்டுகிற மாதிரி இருந்தது.

"கேக் வெந்துரும்ணே. ஒரு துண்டு வாங்கிட்டுப் போங்க."

"நாளைக்குத் திருப்பலி முடிஞ்சு வாரேன்," என்றார். அதிரசத் தட்டை முறுக்குத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, கேட்டைச் சத்தமில்லாமல் சாத்திக்கொண்டு போனார்.

படியில் இரண்டு மூடிய தட்டுகள். பார்க்கிற யாருக்கும் அது துக்க வீட்டுப் படிதான். எட்டி உதைக்கலாமா என்று வந்தது. சாப்பாட்டை உதைக்கக் கூடாது என்று வளர்ந்ததால் உதைக்கவில்லை. இந்தக் கேக் மட்டும் நன்றாக வந்துவிடட்டும், இரண்டு தட்டிலும் இரண்டிரண்டு துண்டு வைத்து நானே கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வருகிறேன் என்று பல்லைக் கடித்தேன். தட்டுகள் நிறைந்து போனால் ஜெரோம் இருக்கிறார். வெறுமனே போனால் இல்லை. என் கணக்கு அவ்வளவுதான்.

மூன்றாவது தட்டு மதில் வழியாக வந்தது. பக்கத்து வீட்டு வேளாங்கண்ணி அக்கா. என் கல்யாணத்துக்கு எனக்குச் சடை பின்னியவர். என்னை அடிக்கவும் உரிமை உள்ளவர். மதிலுக்கு மேல் தட்டை நீட்டினார்.

"புடி."

"புடிக்க மாட்டேன்."

அக்கா வற்புறுத்தவில்லை. தட்டை மதில் மேல் வைத்தார். அவருக்குக் கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"நீங்களும் பாத்தீங்களாக்கா?"

"தண்ணி டேங்க்கிட்ட நின்னான். ஒங்க வீட்டுப் பக்கம் வந்துக்கிட்டுத்தான் இருந்தான். ஒன் பொகையைப் பாத்துட்டு நின்னுட்டான்."

"கூப்பிட்டு உள்ள அனுப்ப வேண்டியதுதான?"

"கூப்புட்டேன். 'அடுப்பு எரியுதுல்லக்கா, எப்புடிப் போறது'ன்னான்."

நான் இடுக்கியைத் தரையில் அடித்தேன். "சொந்த வீட்டுக்குள்ள வர அடுப்பு என்னக்கா அடுப்பு? ஒவ்வொருத்தரா வந்து கதை சொல்லுறீங்க. நான் மட்டும் இன்னும் அவரைப் பாக்கல."

அக்கா மதிலில் கையை ஊன்றிக்கொண்டு மெதுவாகச் சொன்னார். "துக்க வீட்ல ஏன் பலகாரம் சுடுறதில்லன்னு தெரியுமா ஒனக்கு? போனவங்க மொத நல்லநாளுக்கு ஒரே ஒரு தடவை வீட்டுக்கு வருவாங்கன்னு சொல்லுவாங்க. பலகார அடுப்பு எரிஞ்சா, இது நம்ம வீடு இல்ல, நமக்காக இங்க யாரும் அழலன்னு வாசலோட திரும்பிருவாங்களாம். அவங்க உள்ள வரட்டும்னுதான் அடுப்பை அணைச்சுப் போடுறது."

"அவரு சாகலக்கா."

"சாகாதவனுக்கு அடுப்பைப் பாத்து என்ன பயம்?"

நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அக்கா அங்கேயே மதிலுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்துவிட்டது எனக்குக் கேட்டது. மூக்கை உறிஞ்சுகிற சத்தமும் கேட்டது.

பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. கோயிலில் மைக் டெஸ்ட் செய்துகொண்டிருந்தார்கள். தணலை வட்டமாக ஒதுக்கி நடுவில் கொஞ்சம் போட்டேன், அவர் செய்வது போலவே. அந்த நேரத்தில் ஒரே ஒரு நூல் போல ஏலக்காய் வாசம் மேலே வந்தது. கேக் வேகத் தொடங்கிவிட்டது. இன்னும் கொஞ்ச நேரம் தணலை விடாமல் பார்த்துக்கொண்டால் போதும்.

"ஆத்தா," என்றார் மாமா.

திரும்பினேன். அவர் நாற்காலியின் நுனிக்கு வந்திருந்தார்.

"கேட்டுக்கிட்ட நிக்கிறான்."

பார்த்தேன். கேட்டு சாத்தியிருந்தது. வெளியே ரோடு, ரோட்டுக்கு அந்தப் பக்கம் முள்ளுக்காடு. யாரும் இல்லை.

"எங்க மாமா?"

"அந்தா, கம்பியைப் புடிச்சுக்கிட்டு. நீலச் சட்டை."

நீலம் அவர் கம்பெனிச் சட்டை. வீடியோ காலில் பார்த்துப் பார்த்து எனக்குப் பழகிய நீலம். கண்ணை இடுக்கிக்கொண்டு பார்த்தேன். கேட்டுக் கம்பிகள்தான் தெரிந்தன. ஊருக்கெல்லாம் முகத்தைக் காட்டியிருக்கிறார். மளிகைக் கடைக்கு, கோயில்பிள்ளைக்கு, பக்கத்து வீட்டுக்கு, அப்பாவுக்கு. தாலி கட்டியவளுக்கு மட்டும் காட்ட மாட்டாராம். எனக்கு வந்த கோபத்தில் பயம் கூட மறந்துவிட்டது.

"உள்ள வாங்க," என்று கேட்டைப் பார்த்துச் சொன்னேன். "இங்க ஒருத்தி தணலோட மல்லுக்கட்டிக்கிட்டு இருக்கேன். வந்து புடிங்க இந்த இடுக்கியை."

கேட்டு அசையவில்லை. மாமாதான் பேசினார்.

"ஒன்னையத்தான் பாக்குறான். புடவை நல்லா இருக்குன்னு நெனப்பான் போல." நாற்காலிக் கையை இறுக்கிப் பிடித்தார். "ஆத்தா, திரும்புறான். பொழுது போயிருச்சுன்னு கெளம்புறான்."

மூடியின் மேல் தணல் செக்கச்செவேலென்று கனன்றது. வாசம் இப்போது நன்றாகவே வந்தது, கிராம்பு, நெய், சிவந்த சர்க்கரை. இன்னும் கொஞ்ச நேரம். அதற்குள் வெந்துவிடும். மூன்று தட்டிலும் துண்டு வைப்பேன், ஊர் வாயை மூடிக்கொள்ளும். ஜெரோம் ஓமனில் ஜெயிலில் இருப்பார், வருடா வருடம் இருப்பார், நானும் வருடா வருடம் கேக் போட்டுக்கொண்டு இருப்பேன். அவர் முகத்தை மட்டும் பார்க்கவே மாட்டேன்.

அடுப்புக்குப் பக்கத்தில் குடம் நிறையத் தண்ணீர் வைத்திருந்தேன். அதை இரண்டு கையாலும் தூக்கினேன்.

மூடி மேல் பாதி, அடுப்புக்குள் மீதி. பெரிய சத்தத்தோடு ஆவி கிளம்பி என் முகத்தில் அடித்தது. சாம்பல் பறந்து புடவையெல்லாம் விழுந்தது. கண்ணை மூடிக்கொண்டு நின்றேன். அடைத்து வைத்திருந்த வாசமெல்லாம் ஒரே மூச்சில் வெளியே வந்தது போல வாசல் முழுக்க மணத்தது.

கேட்டுத் தாழ்ப்பாள் திறக்கிற சத்தம் கேட்டது.

ஆவி விலகியபோது அவர் அடுப்புக்கு அந்தப் பக்கம், வழக்கமாகக் குந்துகிற இடத்தில் குந்தியிருந்தார். நீலச் சட்டை. உதடெல்லாம் வெடித்திருந்தது. கேட்டிலிருந்து அடுப்பு வரைக்கும் செம்மண் வாசலில் வெள்ளை மணல் கோடு போல உதிர்ந்திருந்தது. மாமா நாற்காலியை விட்டு எழுந்து நின்றார்.

"உக்காருங்கப்பா," என்றார் ஜெரோம். பிறகு குண்டானின் மூடியைப் பார்த்தார். "ஏன் அணைச்சே? இன்னுங் கொஞ்ச நேரம் விட்டிருந்தா நல்லா வந்திருக்கும்."

"அணைக்காட்டி நீங்க வரமாட்டீங்களே."

அதற்கு அவர் தலையை மட்டும் ஆட்டினார். நான் எதிரே உட்கார்ந்தேன். தொடலாம் என்று கையை நீட்டினேன். அடுப்பு அணைந்து கிடந்தது, அவரிடமிருந்து அனல் அடித்தது. கையைக் கிட்டே கொண்டுபோக முடியவில்லை. ஏஜெண்டைப் பற்றி, கம்பெனியைப் பற்றி, கேரல் பையன்களைப் பற்றி எத்தனையோ சொல்ல வைத்திருந்தேன்.

"வலிச்சுச்சாங்க?" என்றுதான் கேட்டேன்.

அவர் குண்டானைத் தாடையால் காட்டினார். "மேலயும் சூடு, கீழ மணலு. வேனு கவுந்து கெடந்துச்சு. இதுக்குள்ள எப்புடி இருக்கும், அப்புடித்தான் இருந்துச்சு." என் முகத்தைப் பார்த்துவிட்டு உடனே, "கொஞ்ச நேரந்தான் பிரின்சி. அப்பறம் ஒண்ணும் தெரியல," என்றார்.

நான் அழவில்லை. அப்போது அழ வரவில்லை. அவர் என் பக்கத்தில் கிடந்த குடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"தண்ணி இருக்கா?"

குடத்தில் ஒரு சொட்டு இல்லை. எல்லாவற்றையும் நெருப்பில் ஊற்றியிருந்தேன். உள்ளே ஓடினேன். சொம்பில் மோந்துகொண்டு வந்தேன், அவர் முன்னால் வைத்துவிட்டு விலகினேன். எடுத்து அண்ணாந்து ஊற்றிக்கொண்டார். ஒரு மடக்கு கூட நிற்கவில்லை. குடித்தது அப்படியே கீழே இறங்கித் தரையை நனைத்தது. வெறும் சொம்பை நீட்டினார்.

"இன்னும்."

மறுபடி ஓடினேன். மாமாவும் ஓடினார். சுவரைப் பிடித்துப் பிடித்து நடக்கிற மனிதர், பின்பக்கக் குழாயிலிருந்து வாளியில் பிடித்துத் தூக்கிக்கொண்டு வந்தார், வழியெல்லாம் தளும்பச் சிந்திக்கொண்டு. நான் சொம்பில் மோந்து மோந்து வைத்தேன். அவர் குடித்துக்கொண்டே இருந்தார். வாசல் சேறாகிவிட்டது. தெருவிளக்கு எரியத் தொடங்கியது. அத்தனை நாளும் அத்தனை தாகத்தோடு அந்த மணலில் கிடந்திருக்கிறார் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. நான் இங்கே ஜெயில், ஜெயில் என்று சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தேன்.

கடைசியில் சொம்பைக் கீழே வைத்தார்.

"போதும்," என்றார்.

சொம்பை எடுக்கக் குனிந்து நிமிர்ந்தேன். அடுப்புக்கு அந்தப் பக்கம் ஈரத் தரை மட்டும் இருந்தது. மாமா வாளியோடு நடுவாசலில் நின்றார். நான் அவரைப் பார்த்தேன், அவர் தலையை இரண்டு பக்கமும் மெல்ல ஆட்டினார்.

மதிலுக்கு அந்தப் பக்கம் வேளாங்கண்ணி அக்கா அசையாமல் உட்கார்ந்திருப்பது எனக்குத் தெரியும். கை காலெல்லாம் சேறும் சாம்பலுமாக மதில் வரைக்கும் நடந்தேன். மேலே இருந்த தட்டை எடுத்து நெஞ்சோடு பிடித்துக்கொண்டேன்.

"அக்கா," என்று கூப்பிட்டேன். "வாங்க. வந்து என்கூட அழுங்க."